‘தளபதி’ என்னும் ஒற்றைச் சொல்: கிரேக்கப் படைப்பதவி ஒன்றன் வரலாறும் தமிழாக்கப் பிழையும்

முன்னுரை

கிரேக்க வரலாற்றைத் தமிழில் எழுதுவோர் ‘ஸ்ட்ரட்டேகோஸ்’ என்னும் பதவிப்பெயர் வருமிடமெல்லாம் ‘தளபதி’ என்றோ ‘சேனாதிபதி’ என்றோ எழுதி அமைகின்றனர். ‘ஸ்ட்ரடோஸ்’ என்பது படை. ‘அகோ’ என்பது நடத்துதல். சொற்பிறப்பு நோக்கில் இத்தமிழாக்கம் பொருந்துவதே. ஆயின் ஒரு பதவியின் பொருளைச் சொற்பிறப்பு மட்டும் வரையறுப்பதில்லை. அப்பதவியை வழங்கியவர் யார், பறிக்கும் உரிமை யாரிடம் இருந்தது என்பனவும் சேர்ந்தே வரையறுக்கின்றன. இதனை மறந்த தமிழாக்கம் வரலாற்றையே திரித்துவிடுகிறது.

ஏதென்சில் பதவியின் இயல்பு

ஏதென்சில் கி.மு. 501 முதல் ஆண்டுதோறும் பதின்மர் இப்பதவிக்குத் தேர்ந்தெடுக்கப்பட்டனர். கி.மு. 487இல் ஆர்க்கோன்கள் குடவோலை போன்ற குலுக்கல் முறையில் அமர்த்தப்படலாயினர். அதன்பின் மக்கள் கையுயர்த்தித் தேர்ந்த ஸ்ட்ரட்டேகோஸ் பதவியே அரசியல் செல்வாக்கின் இருப்பிடமாயிற்று. நாடகாசிரியர் சோபோக்ளிஸ் கி.மு. 441இல் இப்பதவி வகித்தார். ஆண்டுதோறும் மீண்டும் மீண்டும் தேர்ந்தெடுக்கப்பட்ட பெரிக்ளிஸ், கி.மு. 430இல் பதவி நீக்கப்பட்டுத் தண்டமும் விதிக்கப்பெற்றார். மறு ஆண்டே மீண்டும் தேர்வு பெற்றார். கி.மு. 406இல் ஆர்கினுசே கடற்போரில் வென்ற எண்மர், மூழ்கிய கப்பல்களின் வீரர்களை மீட்கத் தவறினர் என்று மக்களவையால் குற்றத் தீர்ப்புப் பெற்றனர். நகர் திரும்பியிருந்த அறுவர் கொல்லப்பட்டனர்.

இவர்களைச் ‘சேனாதிபதி’ என்றெழுதினால், மன்னன் ஆணைக்கு மட்டும் கட்டுப்பட்ட படைத்தலைவரே தமிழ் மாணவர் மனத்தில் தோன்றுவர். பெரிக்ளிஸ் படைபலத்தால் ஆண்டவராகிறார். ஆர்கினுசேத் தீர்ப்பு விளங்காப் புதிராகிறது. மக்களாட்சி தன் தலைவர்களைத் தேர்ந்ததும், கணக்குக் கேட்டதும், சினத்தில் தவறியதும் ஆகிய வரலாறு முழுவதும் ஒரு சொல்லால் மறைகிறது.

பிற்காலப் பொருள் மாற்றங்கள்

தாலமி மரபினர் ஆண்ட எகிப்தில் இப்பதவியினர் மாவட்ட ஆட்சியர் ஆயினர். உரோமர் ஆட்சியில் அங்குப் படைப்பொறுப்பு ஏதுமின்றிக் குடியியல் அலுவலராகவே விளங்கினர். படையே இல்லாதவரைத் ‘தளபதி’ என்பது எங்ஙனம் பொருந்தும்? பைசாந்தியப் பேரரசில் ‘தேமா’ எனப்பட்ட மண்டலத்தின் படையும் ஆட்சியும் இவர் கையில் ஒருங்கே இருந்தன. இன்றைய கிரேக்கத் தரைப்படையிலேயே இச்சொல் ‘ஜெனரல்’ என்னும் வரையறுத்த படைத்தரத்தைக் குறிக்கிறது.

மறுப்பும் விடையும்

அயற்சொல்லை அப்படியே ஆள்வது தமிழ் மரபன்று என்பர். இவ்வாதம் நிற்காது. அயற்சொல்லைத் தமிழ் எழுத்தியல்புக்கு ஏற்ப ஆளும் நெறியைத் தொல்காப்பிய எச்சவியலே வகுத்துள்ளது. இந்திய மண்ணிலும் முற்சான்று உண்டு. கி.பி. முதல் நூற்றாண்டினனாகிய அஸ்பவர்மனின் காசுகளில் இப்பதவிப்பெயர் ‘ஸ்ட்ரடேக’ என்ற பிராகிருத வடிவில் கரோஷ்டி எழுத்தில் பொறிக்கப்பட்டுள்ளது. ‘சேனாபதி’ என்னும் சொல் கைவசம் இருந்தும் அக்காசினை அச்சிட்டோர் பதவிப்பெயரை மாற்றினாரல்லர்.

புறநானூற்று ‘ஏனாதி’ திருக்கிள்ளியின் பட்டத்தைப் பிறமொழியாளர் வெறும் ‘படைவீரன்’ என்று பெயர்த்தால் தமிழறிஞர் பொறுப்பரோ? தமக்கு வேண்டும் நுண்மையைப் பிறர்க்கு மறுப்பது ஆய்வறம் அன்று.

முடிவுரை

எளிமை கருதியே ‘தளபதி’ என எழுதுவதாகக் கூறுவது சோம்பலுக்கு இட்ட பெயரே. விவிலியத் தமிழாக்கம் ‘நூற்றுக்கு அதிபதி’ என்று படைப்பதவி ஒன்றன் அமைப்பையே தமிழில் காட்டியது. வாசகரும் அதனை ஏற்றனர். ஆதலின் ‘இசுத்திரட்டேகர்’ எனத் தமிழ் ஒலிப்படுத்தி ஆண்டு, ஏதென்சு, எகிப்து, பைசாந்தியம், இக்காலம் என இடமும் காலமும் நோக்கி அதற்கு விளக்கம் தருதலே தக்கது. பாடநூல்களும் கலைச்சொல் தொகுதிகளும் இம்முறையை மேற்கொள்ளாதவரை, தமிழில் கற்கும் மாணவர் ஏதென்சின் மக்களாட்சியை ஒரு படையாட்சியாகவே கற்றுக்கொண்டிருப்பர்.