மகள் கேட்ட கேள்வி

"குண்டர் படங்களைப் பார்த்துத்தான் நம் பிள்ளைகள் கெட்டொழிந்தார்கள்" என்று மேடையில் முழங்குவது நமக்கு எளிதாகிவிட்டது. கைதட்டலும் தவறாமல் கிடைக்கிறது. நம் மாநிலத்தில் தமிழாசிரியர்கள் கூடும் கூட்டம் அலோர் காஜாவில் நடப்பினும் ஜாசினில் நடப்பினும் இந்த முழக்கம் ஒரு முறையேனும் எழாமல் கலைவதில்லை. யானும் அவ்வாறு முழங்கியவனே. இன்று அதனை மறுத்து எழுதத் துணிந்துள்ளேன். திரைப்படத்திற்கு வழக்குரைஞனாக வரவில்லை; கூண்டில் நிற்க வேண்டியோர் வேறு சிலரும் உளர் என்பதற்காகவே எழுதுகிறேன்.

முதலில் காலக்கணக்கைப் பார்ப்போம். 2013 ஆகஸ்டில் நம் உள்துறை அமைச்சு 49 குண்டர் கும்பல்களின் பெயர்களை வெளியிட்டது. அவற்றின் உறுப்பினர்கள் நாற்பதாயிரத்திற்கும் மேற்பட்டோர். அவர்களுள் ஏறத்தாழ 71 விழுக்காட்டினர் இந்தியர் என்றது அவ்வறிக்கை. நாட்டின் மக்கள்தொகையில் நாம் பத்தில் ஒரு பங்குகூட இல்லை என்பதை நினைவிற் கொண்டு அந்த எண்ணை மீண்டும் ஒரு முறை படியுங்கள். பா. இரஞ்சித் இயக்கி ரஜினிகாந்த் நடித்த 'கபாலி' திரைக்கு வந்ததோ 2016 ஜூலை 22. நோய் முற்றிய பின்னர் வந்த படத்தை நோய்க்கு வித்து என்று சொல்வது எந்த வகை அளவையியல்? பால்மரம் அழிந்து செம்பனை வந்தது, தோட்டங்கள் துண்டாடப்பட்டன, லயத்தையும் கோயிலையும் பள்ளியையும் விட்டுப் பெயர்ந்த குடும்பங்கள் பட்டணத்து ஓரத்துப் புறம்போக்கிலும் மலிவுவிலை அடுக்ககங்களிலும் ஒதுங்கின. கும்பல் அங்கே காத்திருந்தது. இவ்வரலாறு நம்மில் யாருக்குத் தெரியாது?

அவ்வாறாயின் 'கபாலி' குற்றமற்றதா? அன்று. ஆனால் அதன் குற்றம் நாம் சொல்லும் இடத்தில் இல்லை.

அப்படப்பிடிப்பின் ஒரு பகுதி 2015 இறுதியில் நம் மலாக்காவிலேயே நடந்தது. நடிகரைக் காண மக்கள் திரண்டனர். படத்தில் தோட்டத் தொழிலாளர் உரிமைக்குக் குரல் கொடுத்த இளைஞன் கும்பல் தலைவனாகிறான். இருபத்தைந்து ஆண்டுச் சிறைக்குப் பின் வெளிவருகிறான். இறந்துவிட்டதாக எண்ணிய மனைவியைத் தேடுகிறான். நம் வரலாற்றைத் தமிழகத்துப் பெரிய திரை பேச முன்வந்ததை யான் குறைத்து மதிப்பிடேன். எனினும் அவனுடைய மகளைப் பாருங்கள். கொலையைக் கூலிக்குச் செய்யப் பழகியவளாக அவள் வருகிறாள், துப்பாக்கி ஏந்தித் தந்தையைக் காக்கிறாள், அரங்கு ஆர்ப்பரிக்கிறது. மகளும் மனைவியும் கிடைத்தவுடன் அவன் கையிலிருந்த குருதி நம் கண்ணுக்குத் தெரியாமல் போகிறது. குடும்பப் பாசம் குற்றத்தைக் கழுவும் நீராகிறது. இதுதான் என் வழக்கு.

இவ்வாறுதான் கதை சொல்ல வேண்டும் என்பதில்லை. 1987இல் மணிரத்தினம் இயக்கிய 'நாயகன்' படத்தில் மகள் தந்தையை நேருக்கு நேர் நின்று வினவுகிறாள். விடை பொருந்தாமையால் வீட்டை விட்டே போகிறாள். நல்லவரா கெட்டவரா என்று பின்னர்ப் பேரன் கேட்கிறான். கிழவருக்கு விடை தெரியவில்லை. அமெரிக்காவில் 1999 முதல் 2007 வரை ஒளியேறிய 'தி சொப்ரானோஸ்' தொடரின் ஒரு பகுதியை ஆசிரியர்கள் அறிந்திருத்தல் நன்று. 1999 பிப்ரவரி 7ஆம் நாள் வந்த அப்பகுதியின் பெயர் 'கல்லூரி'. நியூ ஜெர்சிக் கும்பலின் தலைவருள் ஒருவன் தன் மகளுக்குக் கல்லூரிகளைக் காட்ட வட மாநிலமாகிய மேய்னுக்குக் காரோட்டிச் செல்கிறான். எந்தத் தகப்பனும் செய்யும் செயல். வழியில் மகள் கேட்கிறாள், நீங்கள் மாஃபியாவைச் சேர்ந்தவரா என்று. அவன் முதலில் மறுக்கிறான். பிறகு பாதி ஒப்புக்கொள்கிறான். அதே பயணத்தில், முன்பு கும்பலைக் காட்டிக்கொடுத்து வேறு பெயரில் வாழும் ஒருவனைக் கண்டு, மகளைக் கல்லூரி நேர்காணலுக்கு அனுப்பிவிட்டுத் தன் கையாலேயே கழுத்தை நெரித்துக் கொல்கிறான். திரும்பி வந்தவனின் சேறு படிந்த காலணியையும் கைக்காயத்தையும் மகள் பார்த்துவிடுகிறாள். அவன் பொய் சொல்கிறான். பாசம் உண்டு, ஆயினும் அது எதையும் கழுவவில்லை. பார்ப்பவன் இரண்டையும் ஒருங்கே சுமந்துகொண்டுதான் எழ வேண்டும். (வன்சொல்லும் வன்செயலும் மிக்க தொடர் அது, வகுப்பறைக்கு ஆகாது. ஆசிரியர் தனியே பார்த்துக்கொள்க.)

ஒருத்தி வினவுகிறாள், மற்றொருத்தி துப்பாக்கி எடுக்கிறாள். நம் பிள்ளைகள் கைதட்டியது இரண்டாமவளுக்கு. கும்பல்காரனும் இதே பாடத்தைத்தான் நடத்துகிறான். அவன் தலைவர், தொண்டர் என்று பேசுவதில்லை. அண்ணன், தம்பி, மாமா என்கிறான். நம் வீட்டுச் சொற்களையே திருடி அவற்றைக் கொண்டே பிள்ளையை அழைக்கிறான். தாயும் தந்தையும் இரு வேளை வேலைக்குப் போய் வெறிச்சோடிய வீட்டுப் பிள்ளைக்கு அந்தச் சொல் எவ்வளவு இனிக்கும்!

தணிக்கையாளர் செய்ததையும் சொல்லிவிடுகிறேன். படத்தின் முடிவில் கபாலியின் பள்ளியில் திருத்தப்படுவதற்காகச் சேர்ந்த மாணவன் ஒருவனே அவனை நெருங்குகிறான், திரை இருள்கிறது, வெடியோசை மட்டும் கேட்கிறது. நம் நாட்டில் திரையிட்டபோது, கபாலி காவல்துறையிடம் சரணடைந்தான் என்னும் எழுத்துகள் சேர்க்கப்பட்டன. ஒரு வரியில் சட்டம் நிலைநாட்டப்பட்டுவிட்டது! பிள்ளைகள் அதைப் பார்த்துச் சிரித்தார்கள். நம் அறிவுரைகளும் அந்த வரியைப் போன்றவையே. நடந்தது நடந்து முடிந்த பின் கீழே ஒட்டப்படுபவை.

இந்நாட்டுக் கலைஞர்கள் இதைவிட நேர்மையாக நடந்துகொண்டனர். சஞ்சய் குமார் பெருமாள் இயக்கிய 'ஜகாட்' 2015 டிசம்பரில் வந்தது. மறு ஆண்டு மலேசியத் திரைப்பட விழாவில் சிறந்த மலேசியப் படம் என்னும் விருதையும் பெற்றது. தோட்டத்திலிருந்து பெயர்ந்த குடும்பம்; காலம் 1990களின் தொடக்கம்; அப்போய் என்னும் பன்னிரண்டு வயதுச் சிறுவன். துறுதுறுப்பும் கற்பனையும் உள்ளவன். படி, படி என்று அடிக்கும் தந்தை ஒருபுறம். கும்பலில் இருக்கும் சிற்றப்பன் மறுபுறம். அந்தத் தந்தை கெட்டவர் அல்லர். மகன் தன்னைப்போல் ஆகிவிடக்கூடாதே என்று அஞ்சுகிறவர்; அந்த அச்சத்திற்கு அவருக்குத் தெரிந்த மொழி பிரம்பு ஒன்றே. மலாய்ச் சொல்லாகிய 'ஜஹாட்' நம் தோட்டத்து நாவில் 'ஜகாட்' ஆயிற்று. கெட்டவன் என்று பொருள். அந்தச் சொல்லை நாம் எத்தனை பிள்ளைகளின் தலையில் ஏற்றியிருப்போம்?

யான் ஏற்றியிருக்கிறேன். ஆசிரியர் பயிற்சிக் கல்லூரியில் பாடத்திட்டம் எழுதக் கற்றேன். பீடிகை, வளர்ச்சி, முடிவு என்று நிமிடக் கணக்கோடு எழுதுவேன். கடைசி வரிசையில் அமர்ந்து கரும்பலகையைப் பாராமல் சாளரத்தைப் பார்க்கும் பிள்ளையை என்ன செய்வது என்பதை அங்கே யாரும் கற்பிக்கவில்லை. யானும் கேட்கவில்லை. அப்படி ஒருவன் ஆறாம் ஆண்டு முடித்துப் போகையில் அவனுடைய ஆவணத்தில் 'நடத்தை திருப்தியில்லை' என்று என் கைப்பட எழுதினேன். புகுமுக வகுப்பில் ஓராண்டு, முதற்படிவத்தில் சில மாதங்கள். அத்துடன் அவன் பள்ளி வாழ்வு முடிந்தது. பல்லாண்டு கழித்து அவனுடைய இறுதி ஊர்வலத்தில் பின்வரிசையில் நடந்தேன். முன்வரிசையில் ஒரே நிறச் சட்டையணிந்த இளைஞர்கள். சவப்பெட்டிக்கும் மேளத்திற்கும் பணம் அவர்களுடையது என்றார்கள். அவனுடைய தாயார் என்னைக் கண்டு, "வாத்தியாரையா, நீங்களாவது வந்தீங்களே" என்றார். அந்த 'நீங்களாவது' இன்றுவரை என்னை விடவில்லை. அவன் மீது எந்த நடிகரின் மீதும் சுமத்த முடியாத என் கையெழுத்து இருந்தது.

ஆகவே, ஆசிரியத் தோழர்களே, 'பார்க்காதே' என்னும் கட்டளையை நிறுத்துங்கள். அவர்கள் பார்த்துவிட்டார்கள், அவர்களுடைய கைப்பேசியில் அந்தக் காட்சி இருக்கிறது. கருத்துணர்தல் பாடத்தில் பழைய பத்தியை வைத்து நான்கு வினா கேட்கும் நாம், அவர்கள் உண்மையாகவே பார்த்து மனத்தில் வைத்திருக்கும் கதையை வைத்து ஒரு வினாவும் கேட்பதில்லை. பாடவேளை போதாது, தேர்ச்சி அறிக்கை நிரப்ப வேண்டும், பெற்றோர் குறை சொல்வர் என்பீர்கள். அறிக்கைகளை யானும் நிரப்புகிறவன்தான். அரை மணி நேரம் எடுத்துக்கொள்ள எந்த அறிக்கையும் தடுக்கவில்லை.

சென்ற பருவத்தில் ஆறாம் ஆண்டு வகுப்பில் அதைச் செய்து பார்த்தேன். 'கபாலி'யின் முடிவைச் சொல்லச் சொன்னேன். பலர் எழுந்து நடித்தே காட்டினர்; வெடியோசையும் எழுப்பினர். சரணடைந்த செய்தியை ஒருவன் ஏளனக் குரலில் ஒப்பித்தான். கதையில் யாரைப் பற்றி நமக்கு ஒன்றும் சொல்லப்படவில்லை என்று கேட்டேன். நெடுநேரம் அமைதி. பின்வரிசையிலிருந்து ஒரு சிறுமி, "ஐயா, சுட வந்த அந்தப் பையன் என்ன ஆனான்?" என்றாள். அவளைத் தொடர்ந்து வேறு வினாக்கள் வந்தன: அவனுக்கு அம்மா இருந்தாரா, அவனுக்குத் துப்பாக்கி கொடுத்தவர் யார், அவனுடைய வாத்தியார் எங்கே போனார். கடைசி வினாவைக் கேட்டவனை யான் அதற்கு முந்திய வாரந்தான் வகுப்புக்கு வெளியே நிறுத்தியிருந்தேன்.