பெக்கோக் நிலையத்தைச் சுற்றியுள்ள நிலம் யாருக்கு?

ஜொகூரின் ரயில்பாதை 1909இல் முடிந்தபின், அதன் இருபுறமும் ரப்பர் தோட்டங்கள் பரவின. தோட்டத்துக்கு ஆள் வந்தார்கள், ஆளுக்குக் கடை வந்தது. லாபிஸ், பெக்கோக், பாலோ என்று தண்டவாளத்தை ஒட்டி வரிசையாக நிற்கும் ஊர்களில் ரப்பருக்குப் பிறகு செம்பனை வந்தது. படித்த பிள்ளைகள் ஜொகூர் பாருவுக்கும் சிங்கப்பூருக்கும் போனார்கள்.

இப்போது கிம்மாஸ் – ஜொகூர் பாரு இரட்டைத் தண்டவாளம் வந்திருக்கிறது. ஏறத்தாழ 192 கிலோமீட்டர், 900 கோடி ரிங்கிட்டுக்கு மேல் செலவு. பெக்கோக்கிலும் புதிய நிலையம் எழும்பியிருக்கிறது. மின்ரயில் பாதை வரும் ஊரில் நிலத்தின் விலை ஏறும். உழைக்காமல் கிடைக்கும் அந்த ஏற்றம் யார் பைக்குப் போகும் என்பதை இப்போதே தீர்மானிக்க வேண்டும்.

மலேசியாவில் நிலம் மாநில அரசின் கையில் இருக்கிறது. விவசாய நிலத்தை வீட்டு நிலமாக மாற்றினால் அதற்கான பிரீமியம் மாநிலக் கருவூலத்துக்குப் போகும். ஊராட்சி மன்றத்துக்குக் கிடைப்பது மதிப்பீட்டு வரிதான். ஆகவே புதிய தாமான் (வீடமைப்புப் பகுதி) எவ்வளவு தொலைவில் வந்தாலும் மன்றம் தலையாட்டத் தோன்றும். பிறகு அந்தத் தாமானுக்குச் சாலை, கால்வாய், குப்பை லாரி என்று வருடா வருடம் செலவழிப்பதும் அதே மன்றம்தான். நிலையத்திலிருந்து நடக்கும் தூரத்தில் வீடு கட்டினால் இந்தச் செலவு பெருமளவு குறையும். செம்பனைக் காட்டையும் வெட்ட வேண்டியதில்லை.

ஹாங்காங்கின் எம்டிஆர் நிறுவனம் நிலையத்தின் மேலும் சுற்றிலும் உள்ள நிலத்தை மேம்படுத்தி, அந்த வருமானத்தை ரயிலுக்கே திருப்புகிறது. பெக்கோக் ஹாங்காங் அல்ல. ஒரு கடை வரிசையும் சில குறைந்த விலைக் குடியிருப்புகளுமே அதற்குப் போதும். ஆனால் விதி ஒன்றுதான்: பொதுப்பணத்தால் விலை ஏறிய நிலத்தில் ஒரு பங்கு பொதுமக்களுக்குத் திரும்ப வேண்டும். எதிர்ப்பாடம் ஜொகூரிலேயே உண்டு. 7 லட்சம் பேருக்காகக் கடலை நிரப்பித் திட்டமிட்ட ஃபாரஸ்ட் சிட்டியின் அடுக்குமாடிகள் பெரும்பாலும் ஆளில்லாமல் நிற்கின்றன.

2025 ஜனவரியில் ஒப்பந்தம் கையெழுத்தான ஜொகூர் – சிங்கப்பூர் சிறப்புப் பொருளாதார மண்டலத்துக்குள், பெக்கோக் இருக்கும் செகாமட் மாவட்டம் இல்லை. தெற்கின் வெளிச்சம் வடக்கே எட்டும் என்று காத்திருப்பது வீண்.

தமிழர்களுக்கு இதில் பழைய காயமும் உண்டு. சுதந்திரத்தை ஒட்டித் தோட்டங்கள் துண்டாடப்பட்டபோது வேலையோடு வீடும் போயிற்று. 1960இல் வீ.தி. சம்பந்தன் தொடங்கிய தேசிய நிலநிதிக் கூட்டுறவுச் சங்கம் தொழிலாளர்களின் சிறு சேமிப்பில் தோட்டங்களை வாங்கியது அதனால்தான். இன்று 40 ஹெக்டேருக்குக் குறையாத தோட்ட நிலத்தைத் துண்டாட எஸ்டேட் நில வாரியத்தின் அனுமதி தேவை. ஆனால் அந்த அனுமதிக்கு முன்பே, நிலையத்தின் அருகே தோட்டக் குடும்பங்களுக்கென்று வாங்கக்கூடிய விலையில் வீட்டு நிலம் ஒதுக்கப்பட வேண்டும்.

கிழக்கே வேறொரு எல்லையும் இருக்கிறது. எண்டாவ் ரொம்பின் தேசியப் பூங்காவின் செலாய் வாயிலுக்குப் பெக்கோக் வழியாகத்தான் போக வேண்டும்; ஜக்குன் பழங்குடி மக்களின் கிராமங்களும் அங்கேதான். ஊர் வளர வேண்டிய திசை அதுவல்ல.

நகர, கிராமத் திட்டச் சட்டம் 1976இன்படி, உள்ளூர்த் திட்ட வரைவு பொதுமக்கள் பார்வைக்கு வைக்கப்பட்டு ஆட்சேபங்கள் பெறப்பட வேண்டும். கோயில் நிர்வாகங்களும் தமிழ்ப்பள்ளிப் பெற்றோர் ஆசிரியர் சங்கமும் அந்த நாட்களில் மன்ற அலுவலகத்துக்குப் போய், நிலையத்தைச் சுற்றி நிலப் பயன்பாட்டைக் காட்டும் எந்த நிறம் பூசப்பட்டிருக்கிறது என்று வரைபடத்தில் பார்த்து, தங்கள் ஆட்சேபத்தை எழுத்தில் கொடுக்க வேண்டும்.