அவசரம் யாருக்கு? நிதானம் யாருக்கு?

இந்தக் காலத்தில் வாழ்க்கை வேகமாய்ப் போய்விட்டதென்றும், பழைய நிதானம் கெட்டுவிட்டதென்றும் பலர் புலம்பக் கேட்கிறோம். வேகம் நல்லதா கெட்டதா என்பதற்கு முன், அந்த வேகத்தால் யாருக்கு லாபம் என்பதல்லவா கேட்கத் தக்க விஷயம்?

தேனி, போடி, கம்பம் பக்கத்துத் தோழர்கள் தங்கள் ஊரையே பார்க்கட்டும். விடியுமுன் எழுந்து, தூக்குச் சட்டியில் சோற்றை எடுத்துக்கொண்டு, ஜீப்பில் நெருக்கியடித்து ஏறி, போடிமெட்டு, கம்பம்மெட்டு, குமுளி வழியாக இடுக்கி ஜில்லா ஏலத் தோட்டங்களுக்குப் பெண்கள் கூலிக்குப் போகிறார்கள். மலை வளைவுகளில் ஜீப்புகள் பறக்கின்றன. கவிழ்ந்து மாண்டவர்களும் உண்டு. இவ்வளவு வேகத்தில் மிச்சமாகும் நேரம் அப்பெண்களுக்கா சேருகிறது? தோட்ட வேலைக்கல்லவா சேருகிறது!

ஆனால், ஏழை ஏறிப்போகும் ரயில் விஷயம் என்ன? 1928-ல் மதுரையிலிருந்து போடிக்கு வந்த ரயிலை, அகலப்பாதை போடுவதற்கென்று 2010 கடைசியில் நிறுத்தினார்கள். தேனிக்கு 2022 மே மாதத்திலும், போடிக்கு 2023 ஜூன் மாதத்திலுந்தான் அது திரும்பி வந்தது. சுமார் 90 கிலோமீட்டர் பாதைக்கு 12 வருஷத்துக்கு மேற்பட்ட நிதானம்! ஏழையிடம் வேலை வாங்க அவசரம். ஏழைக்கு வசதி செய்ய நிதானம். இதுதான் நம் நாட்டு நியாயம்.

இது போதாதென்று பஞ்சாங்கம் வேறு. ராகுகாலம் தினம் ஒன்றரை மணி, எமகண்டம் ஒன்றரை மணி. ஆக வாரத்துக்கு 21 மணி நேரம் ஆகாத நேரமாம்! திங்கட்கிழமை காலை 7.30 முதல் 9 வரை ராகுகாலம். "அம்மா, ராகுகாலம் கழியட்டும், அப்புறம் காய் எடுக்கலாம்" என்று எந்த முதலாளியாவது சொன்னதுண்டா? ரயிலாவது ராகுவைக் கேட்டுப் புறப்படுகிறதா? அதே பெண் தன் மகளுக்கு மாப்பிள்ளை பார்க்கப் புறப்பட்டால் மட்டும் ராகு குறுக்கே வந்து நிற்கிறான். பிறனுக்கு உழைக்கும்போது இல்லாத ராகு, சொந்தக் காரியத்துக்கு மட்டும் வருவானேன்?

ஆதலால் தோழர்களே! வேகத்தைத் திட்டுவதில் பயனில்லை. ஜீப் ஏறும் நிமிஷத்திலிருந்தே வேலை நேரத்தைக் கணக்கிடு என்று கேளுங்கள். அளவோடு ஆளேற்றி நிதானமாய் ஓட்டு என்று கேளுங்கள். சொந்தக் காரியத்துக்குப் பஞ்சாங்கத்தைப் பார்க்காமல் கடிகாரத்தைப் பாருங்கள். தன் பொழுது தன் கையில் இல்லாதவருக்கு வேகமும் ஒன்றுதான், நிதானமும் ஒன்றுதான். அந்தப் பொழுதை முதலாளியிடமிருந்தும் ராகுவிடமிருந்தும் மீட்பதே முதல் வேலையாகும்.