ரெண்டு சீன் போதும் பாஸ்!

கல்ச்சுரல்ஸ் சீஸன் வந்தாச்சு. நாடகத்துக்கு ஆள் எடுத்தா, ஹீரோ ரோலுக்கு முப்பது பேர் வரிசையில நிப்பீங்க. ‘மச்சி, நீ ஹீரோவோட அப்பா’ன்னு சொன்னதும் முகம் தொங்கிடும். ‘தலையில பவுடர், ஒட்டு மீசை, ரெண்டே சீன்... ஆளை விடுங்கடா’ன்னு ஹாஸ்டலுக்குக் கிளம்பிடற கோபக்கார கோவிந்தன்களுக்குத்தான் இந்த வாரக் கச்சேரி.

டெல்லி கணேஷைத் தெரியும்ல? பேர்லதான் டெல்லி. பிறந்தது 1944-ல, தூத்துக்குடி பக்கம் வல்லநாடு. பத்து வருஷம் விமானப்படையில வேலை. டெல்லியில இருந்தப்போ, அங்கே இருந்த தட்சிண பாரத நாடக சபாவுல நடிக்க ஆரம்பிச்சார். உங்க பாஷையில சொன்னா, ‘பார்ட் டைம்’!

அப்புறம்தான் அந்த முடிவு. கவர்ன்மென்ட் வேலை, மாசம் பொறந்தா சம்பளம். அதை விட்டுட்டு நாடகம்னு கிளம்பினா வீட்டுல என்ன சொல்வாங்கன்னு நான் சொல்லணுமா? உங்க வீட்டு ஹால்ல தினமும் ஓடற டயலாக்தானே! மனுஷர் கிளம்பினார். சென்னையில காத்தாடி ராமமூர்த்தி குழுவுல மேடை ஏறினார். விசு எழுதின ‘பட்டினப் பிரவேசம்’ நாடகத்தை கே.பாலசந்தர் 1977-ல சினிமாவா எடுத்தப்போ, கணேசன் ‘டெல்லி கணேஷ்’ ஆனார். அந்தப் பேரை வெச்சது கே.பி.தான்.

அதுக்கப்புறம் நானூறுக்கும் மேல படங்கள். போஸ்டர்ல பெருசா முகம் வந்தது அபூர்வம். ஆனா, வேஷங்களை மட்டும் கொஞ்சம் வரிசையா வெச்சுப் பாருங்க. ‘பசி’யில (1979) ரிக்‌ஷா இழுக்கற அப்பா, மெட்ராஸ் குப்பத்துத் தமிழ். ‘சிந்து பைரவி’யில (1985) குடிச்சுட்டுக் கச்சேரிக்கு வந்து மாட்டிக்கற மிருதங்க வித்வான். ‘நாயகன்’ல (1987) வேலு நாயக்கர் கூடவே இருக்கற ஐயர். ‘அபூர்வ சகோதரர்கள்’ல (1989) அப்பு தேடிப் போய்ப் பழிவாங்கற நாலு வில்லன்கள்ல ஒருத்தர். அடுத்த வருஷமே ‘மைக்கேல் மதன காம ராஜன்’ல பாலக்காட்டுத் தமிழ் பேசற சமையல்காரர் மணி ஐயர். சாம்பார்ல மீன் விழற அந்தக் கல்யாண சீனை நினைச்சாலே சிரிப்பு வருது இல்ல?

ரிக்‌ஷாக்காரருக்கும் பாலக்காட்டு ஐயருக்கும் ஒரே முகம், ஒரே தொண்டை. ஆனா, ரெண்டு பேரும் ஒரே ஆள்னு படம் பார்க்கும்போது நமக்குத் தோணவே தோணாது. அதுதாங்க விஷயம்!

டி.வி. வந்ததும் ‘நாம சினிமா ஆளு’ன்னு ஒதுங்கலை. ‘மர்மதேசம்’ மாதிரி சீரியல்களுக்கும் போனார். எழுபது வயசு தாண்டி, 2015-ல, ‘பேட்மேன் சென்னைப் பையனா இருந்தா?’ன்னு பசங்க எடுத்த ஒரு இன்டர்நெட் காமெடியில ஆல்ஃபிரட்! உங்க வயசுப் பசங்க கூப்பிட்டாக்கூட வந்து நின்ன சீனியர்.

2024 நவம்பர் 9-ல, 80 வயசுல காலமானார். அஞ்சலி செலுத்த விமானப்படையினரும் வந்து மரியாதை செஞ்சாங்க. அவர் விட்டு வந்து அம்பது வருஷம் ஆன வேலை அது!

உடனே ‘நானும் படிப்பை விட்டுடறேன்’னு பெட்டியைக் கட்டாதீங்க. அவர் விட்டது வேலை கிடைச்சு, பத்து வருஷம் பார்த்து, மேடையில தன்னைச் சோதிச்சுப் பார்த்த பிறகு. அரியர்ஸுக்கு பயந்து ஓடி வரலை!

ஹோம் வொர்க் ஒண்ணு தர்றேன். இந்த வாரக் கடைசியில ‘பசி’யையும் ‘மைக்கேல் மதன காம ராஜ’னையும் அடுத்தடுத்துப் பாருங்க. அவர் பேசும்போது பார்க்கறது இருக்கட்டும். மத்தவங்க பேசறப்போ அவர் முகம் என்ன செய்யுதுன்னு பாருங்க. பார்த்துட்டு, திங்கட்கிழமை ரிகர்சலுக்குப் போய்ச் சொல்லுங்க...

‘டேய், அந்த அப்பா ரோல் இன்னும் காலியா இருக்கா?’