சம்மனுக்கு ஒரு வரி, தள்ளுபடிக்கு ஒரு பக்கம்

மடியில் கனமில்லையென்றால் வழியில் பயமெதற்கு என்று சுலபமாகச் சொல்லிவிடுவார்கள். கோர்ட் சம்மனைக் கையில் வாங்காதவர்கள் பேசுகிற பேச்சு அது.

யார் வேண்டுமானாலும், யார் மீது வேண்டுமானாலும், போலீஸ் தயவில்லாமல் நேராக மாஜிஸ்திரேட்டிடம் கிரிமினல் புகார் கொடுக்கலாம். நல்ல ஏற்பாடுதான். ஸ்டேஷனில் விரட்டியடிக்கப்பட்ட ஏழைக்கு மிஞ்சியிருக்கிற கதவு அது. ஆனால் அந்தக் கதவுக்கு ஒரு காவலும் உண்டு. புகார்தாரரையும் சாட்சிகளையும் பிரமாணத்தின் மேல் விசாரித்துவிட்டு, வழக்கை மேலே நடத்தப் போதிய முகாந்திரம் இல்லை என்று பட்டால் மாஜிஸ்திரேட் புகாரைத் தள்ளுபடி செய்யலாம். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் இது 203-வது பிரிவு. 2024 ஜூலை 1 முதல் அமலில் இருக்கும் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் 226. (பழைய நம்பர்களை மனப்பாடம் செய்து வைத்திருந்த சட்டக் கல்லூரி மாணவர்கள்தான் பாவம்.)

கோளாறு எங்கே என்று பாருங்கள். தள்ளுபடி செய்தால் காரணத்தைச் சுருக்கமாக எழுத வேண்டும் என்று அந்தப் பிரிவே சொல்கிறது. சம்மன் அனுப்பச் சொல்லும் அடுத்த பிரிவில் அப்படி ஒரு வார்த்தை கிடையாது. 2000-ல் மோகன் மீகின்ஸ் வழக்கில் சுப்ரீம் கோர்ட்டும், சம்மன் அனுப்பும் கட்டத்தில் விரிவான உத்தரவு தேவையில்லை என்று சொல்லிவிட்டது. கீழ்க்கோர்ட்டுகளின் வேலைப்பளு அதற்கு ஒரு காரணம்.

மேஜையில் ஃபைல் மலையாகக் குவிந்திருக்கும் மனிதர் எதைச் செய்வார்? யோசித்து, காரணம் எழுதி, தள்ளுபடி செய்து, அதற்கு மேல்கோர்ட்டில் ரிவிஷன் வந்து... எதற்கு வம்பு? ஒரு வரியில் சம்மன் போட்டுவிட்டு அடுத்த ஃபைலை எடுத்தால் தீர்ந்தது. வவுச்சர் இல்லாத செலவை பி.காம். முதல் வருஷத்துப் பையன்கூட கணக்கில் ஏற்றமாட்டான். இங்கே ஒரு மனுஷனைக் கூண்டில் நிறுத்தும் உத்தரவு வவுச்சரே இல்லாமல் போகிறது.

இத்தனைக்கும் 1997-ல் பெப்சி வழக்கில் இதே சுப்ரீம் கோர்ட், ஒருவருக்குச் சம்மன் அனுப்புவது விளையாட்டல்ல, மாஜிஸ்திரேட் மனதைச் செலுத்தியது உத்தரவிலேயே தெரிய வேண்டும் என்றது. குளிர்பானத்தில் கலப்படம் என்ற புகார் அது. பெப்சிக்கு டெல்லி வரை போக வசதி இருந்தது, போனது, ரத்து வாங்கியது. டீக்கடைக்காரர் போவாரா? அனுப்பிய சம்மனை மாஜிஸ்திரேட்டே தப்பென்று உணர்ந்தாலும் திரும்பப் பெற முடியாது என்று 2004-ல் அதாலத் பிரசாத் வழக்கில் சொல்லியாகிவிட்டது. ஆக, ஜாமீன், வக்கீல் ஃபீஸ், லீவு போட்டு வாய்தாவுக்கு அலைவது, வராவிட்டால் பிடிவாரண்ட். கடைசியில் விடுதலை கிடைத்தாலும் போன வருஷங்களை யார் தருவது?

"தள்ளுபடியைச் சுலபமாக்கினால் ஏழையின் புகார்தான் முதலில் குப்பைக்குப் போகும்" என்பார்கள். நியாயமான பயம். ஆனால் அந்த ஏழையைக் காப்பாற்றுவதும் எழுதப்பட்ட காரணம்தான். 1963-லேயே சந்திர தேவ் சிங் வழக்கில், இந்தக் கட்டத்தில் பார்க்க வேண்டியது வழக்கை நடத்தப் போதிய முகாந்திரம் இருக்கிறதா என்பதைத்தான், தண்டிக்கப் போதிய ஆதாரம் இருக்கிறதா என்பதை அல்ல என்று தெளிவாகச் சொல்லியிருக்கிறது சுப்ரீம் கோர்ட். அந்தக் கோட்டைத் தாண்டிய மாஜிஸ்திரேட்டை ரிவிஷனில் பிடிக்க, அவர் எழுதிய காரணம் கையில் இருக்க வேண்டாமா?

புதிய சட்டம் இதைச் சரிசெய்யாமல் வேறு ஒரு வேலை செய்திருக்கிறது. புகாரைக் கோர்ட் விசாரணைக்கு எடுத்துக்கொள்ளும் முன்பே, குற்றம் சாட்டப்பட்டவர் பேச வாய்ப்புத் தர வேண்டுமாம் (பிரிவு 223). கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. பணக்காரர் பெரிய வக்கீலை நிறுத்தி வழக்கை வாசலிலேயே இழுத்தடிப்பார். கூலிக்காரருக்கோ அந்த நோட்டீஸே ஒரு சம்மன்தான், அன்றைக்கும் கூலி போச்சு.

226-ல் இருக்கிற, காரணம் எழுதச் சொல்லும் அந்த அரை வரியை 227-லும் ஒட்டியிருக்கலாம். மொத்தச் சட்டத்தையும் திருப்பி எழுதியவர்களுக்கு அதற்கு எத்தனை நிமிஷம் ஆகியிருக்கும்?