வாய்தா தவறினால் வழக்கே போகும்

மஞ்சள் விற்ற பணத்துக்கு வியாபாரி தந்த செக் திரும்பி வந்தால், விவசாயி கோர்ட்டில் புகார் கொடுக்கிறார். அறுவடை நாளில் வாய்தா வந்தால் என்ன செய்வார்? போகத் தவறினால் புகார் தள்ளுபடியாகலாம், எதிரி விடுதலையாகிவிடுவார். அப்படித் தள்ளுபடியான புகாரைத் திரும்ப எடுக்க அதே மாஜிஸ்திரேட்டுக்கு அதிகாரமில்லை என்று 1986-ல் சுப்ரீம் கோர்ட் சொல்லிவிட்டது. அப்பீல்தான் வழி, அதற்கும் கெடு உண்டு.

2024 ஜூலையில் அமலுக்கு வந்த புதிய சட்டம், விடுதலைக்கு முன் புகார்தாரருக்கு 30 நாள் அவகாசம் தரச் சொல்கிறது. நல்ல மாற்றம்தான். ஆனால் அவகாசம் தந்தது வயலில் நிற்பவருக்குத் தெரிய வேண்டாமா? கோர்ட்டே அவருக்குத் தபாலில் அறிவிப்பதுதான் நியாயம். விவசாயியும், வர முடியாத நாளில் வக்கீல் மூலம் மனுப் போட்டுவிட வேண்டும். ஒரு நாள் வராததற்காக ஒரு வருஷ உழைப்பைப் பறிகொடுக்கலாகாது.