லயத்துக்கு மட்டும் பட்டா இல்லை

பத்து காஜாவிலிருந்து கோப்பெங் போகிற சாலையில், ராயா ஆற்றங்கரை மேட்டில் கெல்லி கோட்டை நிற்கிறது. வில்லியம் கெல்லி ஸ்மித் என்ற ஸ்காட்லாந்துத் துரை தம் கிந்தா கெல்லாஸ் தோட்டத்தில் 1915 வாக்கில் எழுப்பத் தொடங்கிய மாளிகை. கட்டட வேலைக்கு மதராஸிலிருந்து ஆட்கள் வந்தார்கள். நடுவில் ஸ்பானிய விஷக்காய்ச்சல் புகுந்து தொழிலாளர்கள் பலரைக் கொண்டுபோனது. மிஞ்சியவர்கள் கேட்டுக்கொண்டபடி துரை மாரியம்மனுக்கு ஒரு கோயில் கட்டிக்கொடுத்தார். நன்றிக்கு அவர்கள் கோயில் மேலேயே தொப்பி போட்ட துரைக்கும் ஒரு சிலை வைத்துவிட்டார்கள். 1926-இல் லிஸ்பன் நகரில் துரை காலமானார். மாளிகை முடியாமலே நின்றுவிட்டது. முடியாத அந்த வீட்டை இன்றைக்குச் சுற்றுப்பயணிகள் டிக்கெட் வாங்கிப் பார்க்கிறார்கள்.

அதைக் கட்டியவர்கள் குடியிருந்த வரிசை வீடுகளான லயத்தைப் பார்க்க யாரும் டிக்கெட் வாங்குவதில்லை. மலேசியாவின் பேராக் மாநிலம் முழுவதும் லயங்கள் அப்படித்தான் போயின. சில தாமாகச் சரிந்தன, பல சரிக்கப்பட்டன. அந்த நிலத்தில் செம்பனை வந்தது, தாமான் வந்தது, கடைவீடுகள் வந்தன. மூன்று தலைமுறை ரப்பர் மரத்தில் பால்வெட்டிய குடும்பம் மட்டும் அந்த மண்ணில் ஒரு துண்டுக்கும் சொந்தம் கொண்டாட முடியாமல் சாமான்களை லாரியில் ஏற்றிக்கொண்டு வெளியே வந்தது.

மலிவு விலை வீடு என்று பேச ஆரம்பித்தால் பேச்சு உடனே பிபிஆர் என்ற அரசு அடுக்குமாடிக்கும், பிரிமா என்ற அரசு வீட்டுத் திட்டத்தின் விலைக்கும், வங்கிக் கடனுக்கும் போய்விடுகிறது. அவற்றைப் பேச வேண்டியதுதான். ஆனால், ஈப்போவிலும் சுங்கை சிப்புட்டிலும் வாடகை வீட்டில் முதுமையைக் கழிக்கிற முன்னாள் தோட்டத் தொழிலாளியின் கதை வங்கியில் தொடங்கவில்லை. முள்வேலியில் தொடங்கியது.

1948 ஜூன் 16. சுங்கை சிப்புட் வட்டாரத்தில் எல்ஃபில் தோட்டத்திலும் அடுத்த ஒரு தோட்டத்திலும் மூன்று ஐரோப்பியத் துரைமார் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். அவசரகாலம் பிறந்தது. 1950-இல் காட்டிலிருந்த கம்யூனிஸ்டுகளுக்கு உதவி போவதைத் தடுக்கும் பிரிக்ஸ் திட்டம் வந்தபோது, காட்டோரத்தில் சிதறிக் கிடந்த சுமார் ஐந்து லட்சம் பேர், பெரும்பாலும் சீனர்கள், வேலி போட்ட புதுக்கிராமங்களில் குடியேற்றப்பட்டார்கள். நாட்டிலேயே அதிகமான புதுக்கிராமங்கள் பேராக்கில்தான். அதே நேரத்தில் தோட்டங்களிலும் ஈயலம்பங்களிலும் இருந்த, அதைவிடப் பெரிய ஒரு கூட்டத்தை அவரவர் வேலை பார்த்த இடத்திலேயே ஒன்றுகூட்டி வேலி கட்டினார்கள். இரண்டு இடத்திலும் ஒரே முள்கம்பி, ஒரே ஊரடங்கு, ஒரே அரிசிக் கட்டுப்பாடு.

ஒரு வித்தியாசம் இருந்தது. அன்று யாரும் அதைப் பெரிதாக எடுத்துக்கொண்டதாகத் தெரியவில்லை. புதுக்கிராமத்து வேலிக்குள் இருந்தது அரசாங்க நிலம். தோட்டத்து வேலிக்குள் இருந்தது கம்பெனி நிலம். வேலியைப் பிரித்த பிறகு புதுக்கிராமத்தார் கையில் முதலில் தற்காலிக உரிமமும், காலப்போக்கில் குத்தகைப் பட்டாவும் வந்தன. அந்தப் பட்டாவில் குறைகள் ஏராளம். குத்தகை முடிகிற பயத்தோடுதான் பல குடும்பங்கள் காலம் தள்ளின. 2008-இல் ஆட்சிக்கு வந்த முகமட் நிசார் ஜமாலுடின் தலைமையிலான மாநில அரசு, புதுக்கிராமங்களுக்கும் சீரமைக்கப்பட்ட கிராமங்களுக்கும் நிரந்தரப் பட்டா தர முனைந்து, கூட்டரசோடு மோதிக்கொண்டது. சண்டை போடுவதற்கு அவர்களிடம் ஒரு காகிதமாவது இருந்தது. தோட்டத்தில் வேலி மட்டும்தான் போனது. வீடு கம்பெனி வீடாகவே நின்றது.

மூன்றாவதாக இன்னொரு ஊரையும் அரசு அதே காலத்தில் உண்டாக்கியது. 1956-இல் ஃபெல்டா என்ற நிலக் குடியேற்ற அமைப்பு தோன்றியது. காட்டை அழித்து ரப்பரும் பிறகு செம்பனையும் நட்டு, குடியேற்றவாசிக்கு ஏறத்தாழ பத்து ஏக்கர் தோட்டமும் கால் ஏக்கர் வீட்டுமனையும் என்று கணக்கு வைத்தது. நாடு முழுவதும் 1 லட்சத்து 12 ஆயிரம் குடும்பங்களுக்கு மேல் இப்படிக் குடியேறின. மிகப் பெரும்பாலானவை மலாய்க் குடும்பங்கள். பேராக்கின் தெற்கே திரோலாக், பெசூட் பக்கம் போனால் இன்றும் பார்க்கலாம். மரம் ஒன்றுதான், பால் ஒன்றுதான், விடியற்காலையில் எழுந்து காட்டுக்குப் போகிற கஷ்டமும் ஒன்றுதான். ஒரு பக்கத்தில் வெட்டுகிறவனுக்கு மனை உண்டு. மறுபக்கத்தில் கிடையாது.

இதை இனக்கணக்காக மட்டும் பார்க்கிறவர்கள் உண்டு. மேடையில் பேச வசதியான கணக்கு அது. ஃபெல்டா குடியேற்றவாசியும் கடனில் தவித்திருக்கிறார், புதுக்கிராமத்துப் பாட்டியும் குத்தகை புதுப்பிக்கக் காசில்லாமல் அலைந்திருக்கிறார். அவர்களுக்குக் கிடைத்ததைக் குறை சொல்வதில் தோட்டத் தொழிலாளிக்கு எந்த லாபமும் இல்லை. கவனிக்க வேண்டியது வேறு. ஏழைத் தொழிலாளிக்கு மனை கொடுத்து ஊர் அமைக்கும் வித்தை இந்த நாட்டுக்குத் தெரியும். இரண்டு முறை செய்து காட்டியிருக்கிறது. மூன்றாவது முறை செய்யவில்லை.

செய்வதாகச் சொன்னது உண்டு. தோட்டத் தொழிலாளர்களுக்குச் சொந்த வீடு என்ற திட்டத்தை 1973-இல் பிரதமர் துன் அப்துல் ரசாக் அறிவித்தார். அரை நூற்றாண்டு ஓடிவிட்டது. திட்டம் தோட்ட நிர்வாகங்களின் விருப்பத்துக்கு விடப்பட்டது, விருப்பப்பட்டவர்கள் சிலர். விருப்பப்படாததில் வியப்பும் இல்லை. வேலை போனால் வீடும் போகும் என்ற பயத்தைவிட மலிவான மண்டோர் எந்தக் கம்பெனிக்குக் கிடைப்பான்? சட்டமும் அந்தப் பக்கமே சாய்ந்தது. தொழிலாளர் குடியிருப்பு பற்றிய 446-ஆவது சட்டம், 1990, தோட்டத்து வீட்டுக்குத் தண்ணீர் வேண்டும், கழிவறை வேண்டும், மருத்துவ வசதி வேண்டும் என்றெல்லாம் விதி வகுக்கிறது. நல்ல விதிகள்தாம். ஆனால் அவை வேலை செய்கிறவரின் வீட்டைப் பற்றியவை. வேலை முடிந்தவர் எங்கே போவார் என்பது அந்தச் சட்டத்தின் கவலையில்லை.

ஆட்குறைப்புச் செய்தால் இழப்பீடு உண்டல்லவா என்று கேட்கலாம். 1980-ஆம் ஆண்டு விதிமுறைப்படி ஐந்து வருடத்துக்கு மேல் வேலை பார்த்தவருக்கு ஆண்டுக்கு 20 நாள் சம்பளம். முப்பது வருடம் பால்வெட்டியவருக்கு 600 நாள் சம்பளம் வரும். இன்றைய குறைந்தபட்சச் சம்பளமான 1,700 ரிங்கிட்டில் கணக்குப் போட்டாலும் அது 40,000 ரிங்கிட்டை எட்டாது. ஓய்வு வயதில் விலகுகிறவருக்கு அதுவும் இல்லை. ஊழியர் சேமநிதியில் உள்ளதுதான் எல்லாம். மாதச் சம்பளம் 900 ரிங்கிட் என்ற குறைந்தபட்ச வரம்பே 2013-இல்தான் வந்தது என்பதை நினைத்துப் பார்த்தால், அதற்கு முன் வெட்டியவரின் சேமநிதியில் என்ன சேர்ந்திருக்கும் என்று ஊகிக்கலாம்.

லயம் எவ்வளவு மோசமானதாக இருந்தாலும், அதைச் சுற்றி ஒரு வாழ்க்கை இருந்தது என்பதையும் சொல்ல வேண்டும். கொல்லையில் முருங்கை, நாலு மாடு, கோழி, கூப்பிடு தூரத்தில் கோயில், நடந்து போகிற தூரத்தில் தமிழ்ப்பள்ளி. சம்பளத்தில் விழுந்த பள்ளத்தை மாட்டுப்பாலும் கீரைப்பாத்தியும் நிரப்பின. அடுக்குமாடியின் நான்காவது மாடியில் மாடு கட்ட முடியாது. தோட்டத்தை விட்டு வந்த குடும்பத்துக்குப் பட்டணத்தில் செலவு கூடியதும் வரவு குறைந்ததும் ஒரே நாளில் நடந்தன.

வேடிக்கை என்னவென்றால், தோட்டத்தில் இருந்தவற்றில் பள்ளிக்கூடம் பிழைத்துக்கொண்டது. பேராக்கில் 134 தமிழ்ப்பள்ளிகள் இருக்கின்றன. தோட்டம் போன பிறகு இடம் மாறி, தாமானுக்கு நடுவே புதுக் கட்டடத்தில் நின்றுகொண்டு, இன்னமும் தோட்டத்தின் பெயரைப் பலகையில் சுமக்கும் பள்ளிகள் உண்டு. பள்ளியின் உரிமத்தை அரசு ஒரு சொத்தாகப் பார்த்தது. இடம் மாற்றிக் காப்பாற்றியது. பிள்ளைகளின் வீட்டை அப்படிப் பார்க்கவில்லை.

தோட்டங்கள் கைமாறத் தொடங்கியது நேற்றல்ல. ஐம்பதுகளிலேயே வெள்ளைக்காரக் கம்பெனிகள் விற்றுவிட்டுப் போக, வாங்கியவர்கள் தோட்டத்தைத் துண்டு போட்டார்கள். அதைத் தடுக்கத்தான் சுங்கை சிப்புட்டில் பிறந்த துன் வீ. தி. சம்பந்தன் 1960-இல் தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கி, தோட்டம் தோட்டமாகப் போய்த் தொழிலாளியிடம் மாதம் பத்து வெள்ளி கேட்டார். அது பெரிய காரியம். ஆனால் விற்பனைக்கு வந்த தோட்டங்களின் அளவுக்குச் சங்கத்தின் பணம் எட்டவே இல்லை. பிறகு ரப்பர் செம்பனைக்கு வழிவிட்டது. 1994-இல் வடக்கு–தெற்கு நெடுஞ்சாலை முழுதாகத் திறந்த பின், நகரத்தை ஒட்டிய தோட்ட மண்ணில் செம்பனையைவிடச் செங்கல் லாபமாகிவிட்டது. 1980 முதல் 2000 வரை நாடு முழுவதும் மூன்று லட்சம் இந்தியத் தொழிலாளர்கள் தோட்டத்திலிருந்து பெயர்ந்தார்கள் என்பது பரவலாக எடுத்தாளப்படும் மதிப்பீடு.

அந்தச் செங்கல் வீட்டை அவர்களே வாங்கலாமே? ஒரு வீட்டின் விலை குடும்பத்தின் மூன்றாண்டு வருமானத்துக்குள் இருந்தால்தான் அது கட்டுப்படியாகும் என்பது கசானா ஆய்வுக் கழகம் 2015-ஆம் ஆண்டு அறிக்கையில் எடுத்துக்கொண்ட அளவுகோல். குறைந்தபட்சச் சம்பளம் வாங்கும் கணவனும் மனைவியும் சேர்ந்து ஆண்டுக்கு 40,800 ரிங்கிட் சம்பாதிக்கிறார்கள். மூன்றால் பெருக்கினால் 1,22,400. தேசியக் கட்டுப்படி விலை வீட்டுக் கொள்கை கட்டுப்படி என்று ஏற்கும் உச்ச விலையோ மூன்று லட்சம் ரிங்கிட். இடையில் உள்ள பள்ளத்தில்தான் முன்னாள் தோட்டத் தொழிலாளி நிற்கிறார். ஐம்பது வயதைத் தாண்டியவருக்கு வங்கி நீண்டகாலக் கடன் தராது. தினக்கூலிக்குச் சம்பளச் சீட்டு இருக்காது. நிலையான வருமானம் இல்லாதவர்களுக்கு அரசாங்கக் கடன் உத்தரவாதத் திட்டம் இருக்கிறது, நல்லது. உத்தரவாதம் கடனைத்தான் வாங்கித்தரும். தவணையைத் தொழிலாளியேதான் கட்ட வேண்டும்.

இதற்கிடையில் கட்டிய வீடு விற்காமல் நிற்கிறது. 2023 இறுதியில் நாடு முழுவதும் விலைபோகாமல் நின்ற வீடுகள் 25,816. அந்த வரிசையில் முன்னால் நிற்கும் மாநிலங்களில் பேராக்கும் ஒன்று. வீடில்லாதவரும் ஆளில்லாத வீடும் ஒரே மாநிலத்தில் இருக்கும்போது, இன்னும் கட்டுங்கள் என்று மட்டும் சொல்வது பாதித் தீர்வுகூட ஆகாது.

மற்ற இடங்களில் என்ன நடந்தது? புத்ராஜெயாவுக்காகப் பிராங் புசார் உள்ளிட்ட தோட்டங்களை எடுத்தபோது, அங்கிருந்தவர்கள் டெங்கில் தாமான் பெர்மாத்தா அடுக்குமாடிக்குப் போனார்கள். சுவரில் விரிசல் விழுந்தது. தரை வீடு கேட்டுப் போராட்டம் பல்லாண்டு நீண்டது. பினாங்கு கம்போங் புவா பாலாவில் 2009-இல் வீடுகளை இடிக்க மண்வாரி இயந்திரம் வந்தது. சிலாங்கூர் பெஸ்தாரி ஜெயாவில் ஐந்து தோட்டங்களின் மக்கள் கால் நூற்றாண்டு அலைந்த பிறகு, 2024-இல் 245 வீடுகளுக்கான திட்டம் தொடங்கியது. போராடினால் கிடைக்கும் என்று அதிலிருந்து தைரியம் கொள்ளலாம். கேட்டவர்களில் எத்தனை பேர் வீட்டைப் பார்க்க உயிரோடு இருக்கிறார்கள் என்றும் கேட்கலாம்.

தொழிலாளி கால் நூற்றாண்டு அலையத் தேவையில்லாத ஒரு கட்டம் இருக்கிறது. மலேசியாவில் நிலம் மாநில அதிகாரம். 40 ஹெக்டருக்குக் குறையாத தோட்ட நிலத்தை விற்க வேண்டுமானால், தேசிய நிலச் சட்டத்தின் 214அ பிரிவுப்படி மாநிலத்தின் தோட்ட நில வாரியம் சம்மதிக்க வேண்டும். விவசாய நிலத்தை வீட்டு நிலமாக்க வேண்டுமானால், 124-ஆவது பிரிவுப்படி மாநில அரசு அனுமதி தந்து பிரீமியம் வசூலிக்கும். இரண்டு கதவுக்கும் சாவி ஈப்போவில் இருக்கிறது. கையெழுத்துப் போடுமுன் மாநில அரசு ஒரு நிபந்தனை வைக்கட்டும்: தோட்டத்தில் குடியிருக்கும் குடும்பங்களுக்கும், குறிப்பிட்ட ஆண்டுகளுக்கு மேல் வேலை பார்த்து வெளியேறியவர்களுக்கும் அதே நிலத்தின் ஒரு மூலையில் மனைப் பட்டா; அதற்குப் பிறகு மேம்பாட்டாளரின் வரைபடம். ஆயிரம் ஏக்கர் தோட்டத்தில் நூறு குடும்பத்துக்குக் கால் ஏக்கர் வீதம் கொடுத்தாலும் 25 ஏக்கர்தான் போகும். விவசாய நிலம் வீட்டு நிலமானதும் ஏறுகிற விலையில் இது பொடிக்காசு.

மேம்பாட்டுத் திட்டங்களில் 30 விழுக்காடு மலிவு விலை வீடு கட்ட வேண்டும் என்ற விதி எண்பதுகளிலிருந்தே இருக்கிறதே என்பார்கள். அந்த வீடுகள் பொதுப் பட்டியலில் உள்ளவர்களுக்குப் போகின்றன. அந்த மண்ணில் பிறந்தவருக்கு அங்கே முன்னுரிமை என்று அந்த விதி சொல்லவில்லை. தோட்டத்துக்காரர் விண்ணப்பம் போட்டுவிட்டு வரிசையில் நிற்கிறார், தான் வெட்டிய மரம் நின்ற இடத்துக்கு.

இன்னொரு ஆட்சேபம் சற்றுக் கனமானது. இன்றைய தோட்டத்தில் வேலை செய்கிறவர்களில் பெரும்பாலோர் இந்தோனேசியாவிலிருந்தும் வங்காளதேசத்திலிருந்தும் வந்தவர்கள். தமிழர்கள் எப்போதோ போய்விட்டார்கள். யாருக்குப் பட்டா கொடுப்பது? போனவர்கள் ஆகாயத்துக்குப் போகவில்லை. புந்தோங்கிலும் செம்மோரிலும் சுங்கை சிப்புட்டிலும் வாடகை கொடுத்துக்கொண்டோ, பிள்ளைகளின் வீட்டு முன்னறையில் படுத்துக்கொண்டோ இருக்கிறார்கள். சுங்கை சிப்புட்டில் 2008 முதல் 2018 வரை நாடாளுமன்ற உறுப்பினராக இருந்த டாக்டர் ஜெயக்குமாரின் மலேசிய சோசலிசக் கட்சியும், தோட்ட மக்கள் ஆதரவுக் குழுவும் இந்தக் கோரிக்கையைத் தெருவிலும் நாடாளுமன்ற வாசலிலும் வைத்துப் பல வருடங்களாகிவிட்டன. வீடமைப்பு அமைச்சர் ங்கா கோர் மிங் பேராக்காரர். செம்பனை சூழ்ந்த தெலுக் இந்தானின் உறுப்பினர். அவருக்குத் தோட்டம் எங்கே இருக்கிறது என்று வரைபடம் காட்ட வேண்டியதில்லை.

யார் எந்தத் தோட்டத்தில் இருந்தார்கள் என்பதற்கு ஆதாரம் தேடுவதும் அப்படியொன்றும் கஷ்டமில்லை. ஊழியர் சேமநிதி வாரியத்திடம் முதலாளியின் பெயரும் மாதாமாதம் கட்டிய தொகையும் இருக்கின்றன. தமிழ்ப்பள்ளிகளின் சேர்க்கைப் பதிவேட்டில் தகப்பன் பெயரும் முகவரியும் இருக்கின்றன. பலருடைய பிறப்புப் பத்திரத்தில், பிறந்த இடம் என்ற வரியில் தோட்டத்தின் பெயரே எழுதியிருக்கிறது.